எல்லைக்கல் எப்போது வரும்?

சட்டம் அறிவோம்



பிறர் நிலத்தில் ஒரு சாண் அளவைக்கூட அநியாயமாகக் கவர்ந்து கொள்பவருக்கு மறுமையில் நேரவிருப்பதைப் பற்றி நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் விடுத்த எச்சரிக்கையை அறியாத முஸ்லிம் குடும்பம் இராது. ஜும்ஆ மேடைகளில் அதனை நாம் அடிக்கடி கேட்கிறோம். ஆனால் அந்த ஒரு சாண் யாருக்குரியது என்று அளந்து சொல்ல வேண்டிய அலுவலர் வராமலேயே இருந்துவிட்டால் என்ன செய்வது? அநியாயம் அடுத்த வீட்டாரிடம் இருக்கிறதா, நம்மிடமே இருக்கிறதா என்பதும் தெரியாமல், இரு வீட்டாரும் ஆண்டுக்கணக்கில் முகம் பாராமல் வாழும் தெருக்கள் நம் மாநகரில் உண்டு. அத்தகைய நிலையில் நீதிமன்றம் நமக்கு எந்த அளவிற்குத் துணை நிற்கும், எந்த அளவிற்கு நில்லாது என்பதே இம்மாதச் செய்தி.

அளவை பிறந்த ஊர்

விந்தை என்னவெனில், இந்திய நாட்டு நில அளவைக்கே நமது சென்னைதான் தொட்டில். அளவை கற்பிப்பதற்கென ஒரு பள்ளி இங்கே 1794-இல் தொடங்கப்பட்டது. இன்று கிண்டியில் இருக்கும் பொறியியல் கல்லூரி அதன் வழிவந்ததே. 1802-ஆம் ஆண்டு ஏப்ரல் மாதத்தில் வில்லியம் லாம்டன் என்னும் ஆங்கிலேயர், பரங்கிமலை அருகிலிருந்து பெரும்பாக்கம் பக்கமாக ஏறத்தாழ ஏழரை மைல் நீளமுள்ள அடிக்கோடு ஒன்றைச் சங்கிலி பிடித்து அளந்தார். இமயம் வரை சென்ற மாபெரும் அளவைப் பணிக்கு அதுவே தொடக்கம். அப்படிப்பட்ட ஊரில் 2400 சதுர அடியுள்ள ஒரு கிரவுண்டு மனையை அளக்க ஒருவர் ஆண்டுக்கணக்கில் காத்திருக்க நேர்கிறது என்பது வருந்தத் தக்கதே.

தென்சென்னையில் இச்சிக்கல் பகுதிக்குப் பகுதி வேறுபடும். மயிலாப்பூரின் பழைய தெருக்களில் வீடுகள் சுவரோடு சுவர் ஒட்டி நிற்கின்றன. பழம் பத்திரங்களில் அளவைக் காட்டிலும் 'இன்னார் வீட்டுக்குக் கிழக்கு, இன்னார் மனைக்கு வடக்கு' என்னும் நான்கெல்லை விவரமே முதன்மையாக இருக்கும். அந்த இன்னார் இறந்து இரண்டு தலைமுறை ஆகியிருக்கும். தியாகராய நகரோ 1920-களில் நீண்ட ஏரியைத் தூர்த்து உருவாக்கப்பட்ட பகுதி. அங்கே பழைய அளவை எண் ஒன்று, பின்னர் வந்த நகர அளவை எண் வேறொன்று என இருப்பதுண்டு. அடையாற்றிலும் பெசன்ட் நகரிலும் கூட்டுறவுச் சங்கங்களும் வீட்டுவசதி வாரியமும் பிரித்துக் கொடுத்த மனைகள் பல. மனைப்பிரிவு வரைபடத்தில் உள்ள நீள அகலத்திற்கும் தரையில் உள்ளதற்கும் சில அடிகள் வேறுபடுமானால், எது சரி என்பதை அரசு நில அளவையர் வந்து பார்த்தால்தான் சொல்ல இயலும்.

ஓரடிச் சுவரும் ஒரு மகளின் பங்கும்

ஓரடி நிலத்திற்கு இத்தனை பாடா என்று சிலர் கேட்கலாம். கணக்கிட்டுப் பார்ப்போம்.

ஒருவர் மவ்த்தாகிறார். அவருடைய பெற்றோர் முன்னரே காலமாகிவிட்டனர். மனைவியும், இரண்டு ஆண்மக்களும், ஒரு மகளும் இருக்கின்றனர். கடனும் வஸிய்யத்தும் தீர்ந்தபின் எஞ்சுவது நாற்பதுக்கு அறுபது அடியுள்ள ஒரு மனை, அதாவது 2400 சதுர அடி. மனைவிக்கு எட்டில் ஒன்று 300 சதுர அடி. மீதி 2100-ஐ ஐந்து பங்காக்கினால் ஆண்மக்களுக்குத் தலைக்கு 840, மகளுக்கு 420. இப்போது அறுபதடிப் பக்கத்தில் அடுத்த வீட்டுச் சுவர் ஓரடி உள்ளே வந்திருக்கிறது என்று கொள்வோம். போனது 60 சதுர அடி. அந்தப் பக்கம் மகளின் பங்காக ஒதுக்கப்பட்டிருக்குமானால், அவளுடைய பங்கில் ஏழில் ஒன்று போயிற்று! மனையைத் துண்டாக்காமல் விலை வைத்துப் பணமாகப் பிரித்துக் கொள்வதே இந்நகரில் பெருவழக்கு எனினும், அப்போதும் பரப்பை வைத்தே விலை.

இதனினும் கொடியது ஒன்று உண்டு. "அளவை முடியட்டும், பிறகு பாகம் பிரிப்போம்" என்று கூறிக்கொண்டே, பெண்மக்களுக்குச் சேர வேண்டிய ஹக்கைப் பல ஆண்டுகள் நிறுத்தி வைக்கும் குடும்பங்களும் இருக்கின்றன. அலுவலகத்தின் தாமதம் இவ்வாறு நம் வீட்டுத் தாமதத்திற்குச் சாக்காகி விடுகிறது. ஆகவே அளவையை விரைவுபடுத்துவது வாரிசுகளின் உரிமையைக் காக்கும் கடமையுமாகும்.

அளவையரின் அதிகாரம் எதுவரை?

தமிழ்நாட்டில் நில அளவைக்கு அடிப்படையாக இருப்பது 1923-ஆம் ஆண்டின் நில அளவை மற்றும் எல்லைகள் சட்டம். அரசு அறிவிக்கை வெளியிட்டு ஒரு பகுதி முழுவதையும் அளக்கும்போது, தகராறற்ற எல்லையை அளவை அலுவலர் பதிவு செய்கிறார். தகராறுள்ள எல்லையில் இரு தரப்பையும் விசாரித்து முடிவு கூறுகிறார். அம்முடிவின்மீது மேல்முறையீடு உண்டு. அளவை முடிந்துவிட்டதென்று 13-ஆம் பிரிவின்படி அறிவிக்கை வெளியான நாளிலிருந்து மூன்றாண்டுகளுக்குள் உரிமையியல் நீதிமன்றத்தில் வழக்கிட்டு அந்த எல்லையை மாற்றக் கோரலாம் என்கிறது 14-ஆம் பிரிவு. நீதிமன்றம் மாற்றாதவரை அந்தப் பதிவே எல்லைக்கு முடிந்த சான்று.

தனி ஒருவர் மனுச் செய்து "என் எல்லையைக் காட்டுங்கள்" என்று கேட்பது இதனின்று வேறுபட்டது. அளவையர் அப்போது புதிய கோடு போடுவதில்லை. ஏற்கெனவே இறுதியான அளவைப் பதிவேட்டிலும் வரைபடத்திலும் உள்ள கோட்டைத் தரையில் கண்டறிந்து காட்டுகிறார். அடுத்த வீட்டார் உள்ளே வந்திருப்பது தெரிந்தால் அதனைக் குறித்துக் கொடுப்பார். சுவரை இடிக்கவோ, ஆளை வெளியேற்றவோ அவருக்கு அதிகாரமில்லை. இதை அறியாமல், "சர்வேயர் வந்தால் எல்லாம் முடிந்துவிடும்" என்று நம்பி ஏமாறுவோர் பலர்.

அவ்வாறே பட்டாவும் உரிமையின் முடிவான சான்று ஆகாது. வருவாய்ப் பதிவேட்டில் பெயர் ஏறுவதனால் உரிமை பிறப்பதுமில்லை, பெயர் நீங்குவதனால் உரிமை அழிவதுமில்லை என்பதை 1996-இல் உச்சநீதிமன்றம் தெளிவாகக் கூறியுள்ளது.

தாமதத்திற்கு ஒரு வாசல்

அரசு அலுவலர் சட்டப்படி ஆற்ற வேண்டிய கடமையை ஆற்றாதிருந்தால், "ஆற்றுக" என்று ஆணையிடும் அதிகாரம் அரசியலமைப்பின் 226-ஆம் உறுப்பின்கீழ் உயர்நீதிமன்றத்திற்கு உண்டு. மாண்டமஸ் எனப்படும் இதனைச் செயலுறுத்தும் நீதிப்பேராணை என்று தமிழில் கூறுவர். அளவைத் தாமதத்திற்கு நேரான பரிகாரம் இதுவே.

ஆனால் நீதிமன்றப் படியேறுமுன் நமது கை சுத்தமாக இருக்க வேண்டும். முறையாகக் கேட்டீர்களா, கேட்டும் செய்யவில்லையா என்பதே நீதிபதி முதலில் பார்ப்பது. வாய்மொழியாகப் பத்துமுறை அலைந்ததற்கு அங்கே மதிப்பில்லை. ஒரே ஒரு மனுவிற்குப் பெற்ற ஒப்புகைக்கு மதிப்புண்டு. இப்போது அளவை மனுவைத் தமிழ்நிலம் என்னும் அரசு இணையதளம் வழியாகவே அளிக்கும் வசதி 2023-இல் வந்துவிட்டது. மனு எண்ணும், கட்டணம் செலுத்திய ரசீதும் அப்போதே கிடைத்துவிடும். அவற்றை அச்செடுத்துப் பத்திரப்படுத்துங்கள். ஓரிரு மாதங்களில் ஒன்றும் நடவாவிடில், வட்டாட்சியருக்கும் மாவட்ட ஆட்சியருக்கும் அஞ்சலில் நினைவூட்டு அனுப்பி, ஒப்புகையைச் சேர்த்து வையுங்கள்.

அடுத்து, தகவல் அறியும் உரிமைச் சட்டம், 2005. பத்து ரூபாய்க் கட்டணத்தில், "இன்ன நாளிட்ட என் மனுவின்மீது எடுக்கப்பட்ட நடவடிக்கை யாது? அது இன்று எந்த அலுவலரிடம் உள்ளது? எனக்குப் பின் வந்த மனுக்கள் எவையேனும் முடிக்கப்பட்டனவா?" என்று கேளுங்கள். முப்பது நாட்களுக்குள் விடை வர வேண்டும். வராவிட்டால் முதல் மேல்முறையீடு உண்டு. இக்கேள்விக்கு அஞ்சியே அளவையர் வந்துவிடுவதுண்டு. வராவிட்டாலும் அந்த விடைத்தாள் உயர்நீதிமன்றத்தில் நல்ல சான்றாகும்.

இவை கையில் இருந்தால் ரிட் மனு எளிது. இத்தகைய மனுக்களில் எட்டு வாரம், பன்னிரண்டு வாரம் எனக் கெடு விதித்து, அக்கம்பக்கத்து உரிமையாளர்களுக்கும் அறிவிப்புக் கொடுத்து அளவையை முடிக்குமாறு உத்தரவிடுவது உயர்நீதிமன்றத்தின் வழக்கம்.

இங்கே ஒரு நுட்பம் உண்டு. அதனை வழக்குரைஞரிடம் கேட்டுத் தெளிந்து கொள்ளுங்கள். "என் மனுவைப் பரிசீலிக்க உத்தரவிடுக" என்று கேட்பது வேறு. "நிலத்தை அளந்து எல்லையைக் காட்ட உத்தரவிடுக" என்று கேட்பது வேறு. முன்னதைக் கேட்டுப் பெற்றால், "பரிசீலித்தோம், இயலாது" என்று ஒரு வரி எழுதி அலுவலகம் கோப்பை மூடிவிடலாம். மீண்டும் முதலிலிருந்து தொடங்க வேண்டும். பரிசீலிக்குமாறு உத்தரவிடுவதன் பொருளையும் எல்லையையும் உச்சநீதிமன்றம் 2006-இல் ஆந்திரப் போக்குவரத்துக் கழக வழக்கில் விளக்கியிருக்கிறது. நெடுங்காலம் வாளாவிருந்துவிட்டு, திடீரென ஒரு மனுவைக் கொடுத்து அதனைப் பரிசீலிக்க ஆணை பெறுவதனால் செத்துப்போன கோரிக்கை உயிர் பெறாது என்றும் 2008-இல் அதே நீதிமன்றம் எச்சரித்தது.

ஆணை பெற்றதோடு பணி முடியவில்லை. ஆணையின் சான்றிட்ட நகலை அலுவலரிடம் சேர்ப்பித்து ஒப்புகை பெற வேண்டும். பெரும்பாலும் கெடு அன்றிலிருந்தே தொடங்கும். கெடு கடந்தும் வேண்டுமென்றே நிறைவேற்றாவிடில் நீதிமன்ற அவமதிப்பு மனு உண்டு. 1971-ஆம் ஆண்டின் அவமதிப்புச் சட்டம் ஆறு மாதம் வரை வெறுங்காவலும், இரண்டாயிரம் ரூபாய் வரை அபராதமும் விதிக்க இடமளிக்கிறது. ஆனால் அவமதிப்பு நேர்ந்த நாளிலிருந்து ஓராண்டுக்குள் நடவடிக்கை தொடங்கப்பட வேண்டும். ஆணையை அலமாரியில் வைத்துவிட்டு இரண்டாண்டு கழித்து எடுத்துப் பயனில்லை.

நுகர்வோர் மன்றத்திற்குப் போகலாமே என்று கருதுவோர் உண்டு. பத்திரப் பதிவு தொடர்பான ஒரு வழக்கில், அலுவலர்கள் அங்கே ஆற்றுவது சட்டக் கடமையேயன்றி நுகர்வோர் சட்டம் கூறும் சேவை அன்று என்று 1995-இல் உச்சநீதிமன்றம் தீர்ப்பளித்தது. அளவைக்கும் அதே தடை குறுக்கே நிற்கக்கூடும். ஆயினும் பொது அலுவலர்களின் அலைக்கழிப்பால் குடிமக்கள் துன்புற்றால் இழப்பீடு வழங்கலாம், அதனைப் பொறுப்பான ஊழியரிடமிருந்தே வசூலிக்கலாம் என்னும் கருத்தை லக்னோ வளர்ச்சிக் குழும வழக்கில் 1993-இல் அதே நீதிமன்றம் வலியுறுத்தியது. அது வீட்டுமனை வழங்கும் அமைப்பைப் பற்றிய வழக்கு என்பதை நினைவில் கொள்ள வேண்டும்.

தகராறுக்கு மறு வாசல்

எல்லை எது என்பதிலேயே அடுத்த வீட்டாருக்கும் நமக்கும் மறுப்பும் எதிர்மறுப்பும் இருந்தால், ரிட் மனுவில் அதற்கு விடை கிடைக்காது. சாட்சி விசாரித்து உரிமையைத் தீர்மானிப்பது உரிமையியல் நீதிமன்றத்தின் வேலை. சொத்தின் மதிப்புக்கேற்ப நகர உரிமையியல் நீதிமன்றத்திலோ, உயர்நீதிமன்றத்தின் மூல உரிமையியல் பிரிவிலோ வழக்குத் தொடர வேண்டும்.

அங்கே நமக்குக் கிடைக்கும் பெரிய கருவி, உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 26-ஆம் கட்டளை, 9-ஆம் விதி. நீதிமன்றம் ஒரு வழக்குரைஞரை ஆணையராக நியமித்து, நில அளவையரின் துணையுடன் இடத்தைப் பார்த்து, அளந்து, வரைபடத்துடன் அறிக்கை தருமாறு பணிக்கலாம். ஆண்டுக்கணக்கில் வராத அளவையர் இப்போது நீதிமன்ற ஆணையின் பேரில் வருகிறார். அந்த அறிக்கை வழக்கில் சான்றாகும். தவறிருப்பின் ஆட்சேபம் தெரிவிக்கவும் இடமுண்டு. ஆணையருக்கான செலவை, கேட்கும் தரப்பே முதலில் கட்ட வேண்டியிருக்கும்.

இவ்விதியின் அருமையை விளக்கும் தீர்ப்பு நம் சமுதாயத்தோடு தொடர்புடைய ஒரு வழக்கிலேயே பிறந்தது. அரியானா வக்ஃபு வாரியத்தின் நிலமும் அடுத்தவர் நிலமும் ஒட்டியிருந்தன. எல்லை எது என்பதே பூசல். ஆணையர் வேண்டும் என்ற வாரியத்தின் கோரிக்கை கீழே மறுக்கப்பட்டது. 2008-இல் உச்சநீதிமன்றம், பூசல் எல்லையைப் பற்றியதாக இருக்கும்போது ஆணையரை நியமித்து அளந்திருக்க வேண்டும் என்று கூறி, அந்த மறுப்பை ஏற்கவில்லை. எல்லை வழக்குகளில் வழக்குரைஞர்கள் இத்தீர்ப்பை எடுத்துக்காட்டுவது வழக்கம்.

வழக்கில் அரசையும் தரப்பாகச் சேர்ப்பதானால், 80-ஆம் பிரிவின்படி இரண்டு மாத முன்னறிவிப்புத் தர வேண்டும். அவசரமெனில் நீதிமன்றத்தின் அனுமதியுடன் முன்னறிவிப்பின்றியும் தொடரலாம். அடுத்த வீட்டார் சுவர் எழுப்பிக் கொண்டிருந்தால், முடியும்வரை பார்த்துக் கொண்டிராமல் உடனே தற்காலிகத் தடையாணை கேட்க வேண்டும். கட்டி முடித்த சுவரை இடிக்கச் சொல்வதைவிடக் கட்டாதே என்று சொல்வது எந்த நீதிமன்றத்திற்கும் எளிது.

கடிகாரம் நிற்பதில்லை

இக்கட்டுரையில் ஒன்றை மட்டும் நினைவில் வைக்க இயலுமெனில் இதனை வையுங்கள். அளவை மனு அலுவலகத்தில் உறங்கும்போது, காலவரையறைச் சட்டத்தின் கடிகாரம் உறங்குவதில்லை. தனியார் ஒருவர் நம் நிலத்தில் நமக்கு எதிரான உரிமை கொண்டாடி, வெளிப்படையாகவும் தொடர்ச்சியாகவும் பன்னிரண்டு ஆண்டுகள் அனுபவித்து வந்தால், மீட்கும் உரிமையையே நாம் இழக்க நேரலாம். "நான் சர்வேயருக்காகக் காத்திருந்தேன்" என்பது அதற்கு விடையாகாது. ரிட் மனு நிலுவையில் இருப்பதும் அக்கடிகாரத்தை நிறுத்திவிடாது. அனுபவத்திலிருந்து வலுவில் வெளியேற்றப்பட்டவர், உரிமையை நிரூபிக்காமலேயே அனுபவத்தை மீட்க, தனிநபர் ஒருவர்மீது வழக்கிடுவதற்கு ஆறு மாதமே கெடு.

ஜமாஅத் பொறுப்பாளர்களும் முத்தவல்லிகளும் இதில் கூடுதல் கவனம் கொள்ள வேண்டும். வக்ஃபு நிலங்களை மீட்பதற்குக் காலவரையறை இல்லை என்னும் பாதுகாப்பை முன்னர் 1995-ஆம் ஆண்டுச் சட்டம் தந்திருந்தது. 2025-ஆம் ஆண்டுத் திருத்தம் அதனை நீக்கி, காலவரையறைச் சட்டம் பொருந்தும் என்று ஆக்கியிருக்கிறது. பள்ளிவாசல், கப்ருஸ்தான் நிலங்களின் எல்லைகளை இன்றே அளந்து, கல் நட்டு, வரைபடத்தைக் கோப்பில் சேர்ப்பது பிற்காலத் தலைமுறைக்குச் செய்யும் பேருபகாரமாகும்.

செலவுக்கு அஞ்ச வேண்டாம்

வழக்கென்றால் செலவாகுமே என்று கணவனை இழந்த சகோதரிகள் பலர் வாய்மூடி இருந்துவிடுகின்றனர். 1987-ஆம் ஆண்டின் சட்டப்பணிகள் ஆணைக்குழுச் சட்டம், பெண்களுக்கு வருமானம் எவ்வளவாயினும் இலவசச் சட்ட உதவி பெறும் தகுதியை அளிக்கிறது. உயர்நீதிமன்ற வளாகத்தில் மாநில ஆணைக்குழு இயங்குகிறது. ஆதார் நகல், பத்திர நகல், மனு, ஒப்புகை ஆகியவற்றுடன் சென்று கேட்கலாம். இரு தரப்பும் இசைந்தால் மக்கள் நீதிமன்றத்தில் முடித்துக் கொள்ளவும் வழியுண்டு. அங்கே பிறக்கும் முடிவு நீதிமன்றத் தீர்ப்பாணைக்கு நிகரானது. அதன்மீது மேல்முறையீடு கிடையாது.

இறுதியாக ஒரு வார்த்தை. நீதிமன்றம் அளவையரை வரவழைத்துத் தரும். அடுத்த வீட்டாரின் உள்ளத்தை அது அளந்து தராது. அளவை நாளன்று அவரையும் அழைத்து, சங்கிலியின் ஒரு முனையில் அவர் வீட்டுப் பிள்ளையும் மறுமுனையில் நம் வீட்டுப் பிள்ளையும் நிற்குமாறு செய்யுங்கள். அவர் எந்த மதத்தவராயினும் அண்டை வீட்டாருக்குரிய ஹக்கு அவருக்கு உண்டு. கோடு நம் சுவருக்கு உள்ளே விழுமானால், அந்த ஒரு சாணை முகம் சுளிக்காமல் விட்டுக்கொடுக்கவும் சித்தமாக இருக்க வேண்டும். எல்லைக்கல் நட்டவுடன் வாரிசுகளின் பாகத்தை, முக்கியமாகச் சகோதரிகளின் பாகத்தை, நாள் கடத்தாமல் எழுதிப் பதிவு செய்யுங்கள்.

இன்ஷா அல்லாஹ், அடுத்த இதழில் பாகப்பிரிவினைப் பத்திரத்தையும் விடுதலைப் பத்திரத்தையும் பற்றிக் காண்போம். வஸ்ஸலாம்.